இடக்கை வாய்க்கரிசி

அதியன்னூரில் முடிவெட்டுகிறவருக்கு இப்போது நிம்மதி இல்லை. வருகிற பிள்ளைகளெல்லாம் போனை நீட்டி, ஜப்பான் கார்ட்டூனில் வருகிறவனின் முடிதான் வேண்டுமென்கிறார்கள். முதல் பிறந்தநாள் பிளக்ஸில்கூட, குழந்தைக்கு முகத்தில் பாதி கண்ணாக இருக்கவேண்டும். அந்தக் கண்களை வரைகிறவள் ஷீனா. நெய்யாற்றின்கரையில் பிளக்ஸ் கடையில் வேலை. அடுத்த மாதம் முப்பது முடிகிறது.

ஜப்பானில் ஒரு பத்திரிகை வெளிநாட்டவருக்குப் படக்கதைப் போட்டி வைத்திருந்தது. முப்பது வயதுக்குள் இருக்கவேண்டும். ஷீனா இரண்டு வருஷம் உயிரைக் கொடுத்து வரைந்தாள். கதையை எங்கேயும் தேடிப் போகவில்லை. அப்பா கிருஷ்ணன்குட்டி செத்த அன்று வீட்டில் நடந்ததுதான்.

கடைசி நாள் மத்தியானம் விதிகளை மறுபடி படித்தபோதுதான் அது கண்ணில் பட்டது. பக்கம் வலமிருந்து இடமாக ஓடவேண்டுமாம். பாவி, ஜப்பான் கதைகளை போனில் கார்ட்டூன் படமாகப் பார்த்தே வளர்ந்தவள்; அச்சுப் புத்தகம் ஒன்றைத் தொட்டதில்லை. நாற்பது பக்கத்தையும் நம் வழக்கப்படி இடமிருந்து வலமாக வரைந்து வைத்திருந்தாள். அங்கே நள்ளிரவு என்றால் இங்கே ராத்திரி எட்டரை. அதோடு போட்டி முடிந்துவிடும்.

அழுதுகொண்டே கட்டங்களை வெட்டி இடம் மாற்றினாள். முப்பத்தொன்பது பக்கம் ஒருவழியாகத் தேறியது. ஒன்று மட்டும் மசியவில்லை. மகளின் கை அரிசியோடு முதல் கட்டத்தில் புறப்பட்டு, எல்லாக் கட்டங்களையும் கடந்து, கடைசிக் கட்டத்தில் அப்பாவின் வாய்க்குப் போகும் பக்கம் அது. வெட்டினால் கை துண்டாகும். திரும்ப வரைய பத்து நாளாவது வேண்டும், மிச்சமிருந்தது அரைமணி. கண்ணாடியில் தெரிவதுபோல அந்தப் பக்கத்தையே திருப்பிப் போட்டாள்.

பின்னால் நின்ற அம்மா சரோஜம் பார்த்துவிட்டாள்.

"எடங்கையாலயா மக்கா அப்பனுக்கு வாய்க்கரிசி?"

"அங்க வாசிக்கது அப்படியாக்கும் அம்மா."

"நீ சோத்துக்கையாலதானே போட்டே. நான் பாத்துட்டு நின்னேன். இந்தப் பக்கத்த எடுத்துக் களஞ்சிரு."

"இது இல்லேன்னா கதை இல்லம்மா. எனக்கு இனி வயசும் இல்ல."

சரோஜம் உள்ளே போய்ப் படுத்துக்கொண்டாள். எட்டு இருபத்தெட்டுக்கு ஷீனா அனுப்பினாள். அனுப்பியதைத் திரும்ப வாங்க முடியாது.

ஜெயித்தால், செத்த அப்பன் வாயில் இடக்கையால் அரிசி போட்ட மகளை உலகமே பார்க்கும். தோற்றால், அந்தப் பாவத்தைச் சும்மா செய்ததாகிவிடும். சாமி படத்தின் முன்னால் போய்க் கைகூப்பி நின்றாள். என்ன கேட்பதென்று அவளுக்குத் தெரியவில்லை.