அண்ணி இமைக்கவில்லை

எங்கள் அண்ணியின் கண்ணைப் பற்றி ஒருவர் தப்பாக எழுதினார். அதுவும் படித்தவர், பேராசிரியர். இன்றைக்கு நினைத்தாலும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

அண்ணியும் நானும் மருந்துக் கம்பெனியில் ஊசி மருந்துக் குப்பிகளைச் சோதிப்பவர்கள். பக்கத்துப் பக்கத்து நாற்காலி. விளக்குக்கு முன்னால் குப்பிகள் ஓடிக்கொண்டே இருக்கும். உள்ளே தூசியோ கண்ணாடித் துணுக்கோ இருந்தால் எடுத்துவிட வேண்டும். இமைக்கிற நேரத்தில் ஒன்று தப்பிப் போகும். அதனால் எங்களுக்குள் ஒரு ஏற்பாடு. இமைப்பதற்கு முன் விரல் முட்டியால் மேசையில் ஒரு தட்டு. பக்கத்தில் இருப்பவள் அந்த நொடி இரண்டு பேர் குப்பியையும் பார்த்துக்கொள்வாள். பத்தொன்பது வருஷப் பழக்கம். வீட்டில் டிவி பார்க்கும்போதுகூட அண்ணி தட்டுவார். அண்ணன் தலையில் அடித்துக்கொள்வார்.

ஒருநாள் கல்லூரி வானியல் சங்கம் ஆள் கேட்டது. செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவே சுற்றுகிற பெரிய சிறுகோள் ஒன்று. உடம்பெல்லாம் கார்பன், அடுப்புக்கரி மாதிரி கறுப்பாம், லேசில் கண்ணில் படாதாம். அது ஒரு நட்சத்திரத்தை எத்தனை நொடி மறைக்கிறது என்று பல ஊர்களிலிருந்து பார்த்துச் சொன்னால் அதன் உருவம் தெரிந்துவிடும். அண்ணி முதல் ஆளாகப் பேர் கொடுத்தார்.

பொழுது சாய்ந்ததும் மொட்டை மாடியில் இரவல் தொலைநோக்கி வைத்தோம். பக்கத்து ஸ்டூலில் செல்போன், எல்லாவற்றையும் பதிவு செய்துகொண்டிருந்தது.

"போச்சு" என்றார் அண்ணி. உடனே, "வந்துருச்சு." கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் "போச்சு." அது திரும்பி வரப் பதினான்கு நொடி ஆயிற்று. நட்சத்திரம் இரண்டு முறை மறைந்ததாக அண்ணி எழுதி, பதிவோடு சேர்த்துச் சங்கத்துக்குக் கொடுத்தார்.

சங்கத்தை நடத்துகிற பேராசிரியர் முதலாவதை அடித்துவிட்டார். 'பார்வையாளர் கண் இமைத்திருக்கிறார்' என்று அறிக்கையில் போட்டு, அதை உள்ளூர்ப் பத்திரிகைக்கும் கொடுத்தார். எங்கள் சூப்பர்வைசர் படித்தார். கண் சோதனை முடியும்வரை அண்ணி பேக்கிங்கில் இருக்கட்டும், அப்புறம் பார்க்கலாம் என்றார். ஒரு தூசியை விடாத கண்! அது அட்டைப்பெட்டிக்கு டேப் ஒட்டிக்கொண்டிருந்தது. அண்ணி அழவில்லை. நான்தான் அழுதேன், ஆத்திரத்தில்.

மறுநாள் இருவரும் கல்லூரிக்கே போனோம்.

"பதிவைக் கேட்டீங்களா சார்?" என்றேன்.

"கேட்டோம்மா. நடுவுல நடுவுல டொக்கு டொக்குன்னு ஒரே சத்தம். அதையெல்லாம் எடுத்துட்டுதான் கேட்டோம்."

"அந்தச் சத்தம்தான் சார் அவங்க இமைச்சது!"

கம்பெனி வழக்கத்தை அண்ணி நிதானமாக விளக்கினார். எனக்கு அந்த நிதானம் கிடையாது, செல்போனைப் பேராசிரியர் மேசையில் வைத்துச் சத்தத்தைக் கூட்டினேன். டொக். டொக். ஸ்டூலில் தட்டிய ஒவ்வொரு தட்டும் கேட்டது. முதல் 'போச்சு'க்குப் பக்கத்தில் மட்டும் ஒன்றுகூட இல்லை. அவர் மூன்று முறை போட்டுக் கேட்டார். முகம் சுண்டிப்போயிற்று. அந்தப் பாறையைச் சுற்றுகிற குட்டிப் பாறை ஒன்று முதலில் மறைத்திருக்கலாம் என்று முணுமுணுத்தார். பிறகு எங்களையே குறை சொன்னார்.

"இதை முதல்லயே சொல்லியிருக்கலாமேம்மா?"

"இமைச்சீங்களான்னு நீங்க கேக்கவே இல்லையே சார்" என்றார் அண்ணி. "இமைச்சேன்னு எழுதிட்டீங்க. இப்ப இமைக்கலைன்னு எழுதுங்க. அதே பத்திரிகைக்கு."

அவர் பேனாவை எடுத்தார். அண்ணி எதிரே உட்கார்ந்து அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசி வரி முடியும்வரை மேசையில் ஒரு தட்டுகூட விழவில்லை.