போகியன்று தூக்கி எறிந்த ஃபைல்

ஃபிளாப்பி காலத்துக் கதை இது. போகிக்கு வீட்டைச் சுத்தம் செய்த கையோடு, கம்ப்யூட்டரில் கிடந்த பழைய விளையாட்டையும் நீக்கினேன். "இந்த ஃபைல் மற்ற மென்பொருள்களுக்கும் தேவைப்படலாம், நீக்கவா?" என்று திரை கேட்டது. யோசிக்காமல் 'யெஸ்' தட்டினேன். அவ்வளவுதான், தமிழ்த் தட்டச்சு மென்பொருள் ஏதோ பிழைச் செய்தி காட்டியதே தவிர, திறக்கவே இல்லை. எங்கள் மயூர் விஹார் தமிழ்ச் சங்கத்தின் பொங்கல் மலர் முழுவதும் அதில்தான் இருந்தது. வார இறுதியில் நடக்கும் சங்க விழாவுக்காக மறுநாளே அச்சுக்குப் போக வேண்டும். ரிப்பேர்காரரோ, "ஃபார்மட் பண்ணணும், எல்லாம் போயிடும்" என்று இந்தியில் சொல்லிவிட்டார்.

மாடி வீட்டு சரோஜா மாமி நிதானமாகத் திரையைப் படித்தார். "ஃபார்மட்டெல்லாம் எதுக்கு? எந்த ஃபைல் காணோம்னு அதுவே பேர் சொல்றதே!" அதே மென்பொருள் இருந்த தன் கம்ப்யூட்டரிலிருந்து அந்த ஒரு ஃபைலை ஃபிளாப்பியில் கொண்டுவந்து, இருந்த இடத்திலேயே வைத்தார். மலர் திறந்தது. மாமியைக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றியது.

இப்போதெல்லாம் போகிக்குப் பழைய பாயைத் தூக்கிப் போடுவதானாலும், "இது வேற யாருக்காவது வேணுமா?" என்று வீடு முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் போடுகிறேன்.