மூன்றாவது மஞ்சள் சீட்டு

காலை ஆறு நாற்பத்தேழு. கைப்பேசித் திரையில் அந்த நேரத்தைப் பார்த்துக்கொண்டேதான் எடுத்தேன். மகளின் எண், பேசியது யாரோ ஓர் ஆண். ஜெலுத்தோங் நெடுஞ்சாலையில் கார் இடித்து மோட்டார் சைக்கிளோடு விழுந்துவிட்டாள், பேச்சு இருக்கிறது, எழுந்திருக்க முடியவில்லை, ஆம்புலன்ஸ் வருகிறது என்றார். ஜுருவில் தொழிற்சாலை வேலைக்குக் கிளம்பிப் போனவள்.

அவளைக் கொண்டுவந்தது நான் வேலை செய்யும் மருத்துவமனைக்கு. நான் மருத்துவன் இல்லை. மருத்துவப் பதிவு அறையில் இருபது வருடத்துக்கு மேலாக இருப்பவன். வீடு திரும்பிய நோயாளிகளின் ஃபைல் எங்களிடம் வரும். மருத்துவர் என்ன எழுதியிருக்கிறாரோ அதற்கு உரிய குறியீட்டைக் கணினியில் ஏற்றுவது எங்கள் வேலை. எத்தனை இடுப்பெலும்பு முறிவுகளை ஏற்றியிருப்பேன் என்று எனக்கே தெரியாது. S32 என்று தட்டும்போது ஒரு நாளும் எனக்கு வலித்ததில்லை.

எலும்பு நிபுணர், ஒரு மலாய்ப் பெண்மணி, ஸ்கேன் படத்தைக் கட்டிலருகே வைத்து விளக்கினார். விரிசல் இடுப்பெலும்போடு நிற்கவில்லை. தொடையெலும்பின் தலை பொருந்தும் கிண்ணம் வரை ஓடியிருக்கிறது. பன்னிரண்டு வாரம் வலது காலைத் தரையில் ஊன்றக்கூடாது. ஊன்றினால் கிண்ணம் அமுங்கிவிடும், பிறகு ஆயுசுக்கும் நொண்டல்தான். மகளுக்கு வயது இருபத்து மூன்று. என் மனைவி அங்கேயே கண்ணை மூடித் தண்ணீர்மலைக் கோயிலுக்குப் பால்குடம் எடுப்பதாக வேண்டிக்கொண்டாள். "நீங்க எடுங்கம்மா, நான் கீழே வீல்சேர்ல உக்காந்து போட்டோ எடுக்கிறேன்" என்றாள் மகள்.

ஒன்பதாம் நாள் வீட்டுக்கு அனுப்பினார்கள். கடிதத்தை எழுதியவர் வார்டிலிருந்த இளம் மருத்துவர். நோய் என்ற இடத்தில் 'இடுப்பெலும்பு முறிவு', அவ்வளவுதான். கிண்ணம் இல்லை. வாரங்களின் கணக்கும் இல்லை. எனக்கு உறுத்தியது. ஆனாலும் பிள்ளை வீட்டுக்கு வருகிறாள் என்ற சந்தோஷத்தில் மடித்துப் பைக்குள் வைத்தேன். வேறு யாருடைய ஃபைலாக இருந்தாலும் விட்டிருக்கமாட்டேன்.

ஐந்தாம் வாரம் தொழிற்சாலையிலிருந்து அழைத்தார்கள். அவர்களுடைய கிளினிக் மருத்துவர் கடிதத்தையும், பிறகு மருத்துவமனை அனுப்பிய அறிக்கையிலிருந்த S32.8 என்ற குறியீட்டையும் பார்த்திருக்கிறார். அந்தக் குறியீட்டுக்கு இடுப்பில் எங்கோ ஓரிடம், எந்த இடம் என்று சொல்லப்படவில்லை என்று பொருள். சாதாரண விரிசல், ஆறு வாரம் போதும், அதற்கு மேல் எம்.சி. விடுப்பு கிடையாது என்றாராம். அவளுடையது நாள் முழுக்க நின்றுகொண்டே செய்யும் வேலை. இப்போதுதான் நிரந்தரமாக்கியிருந்தார்கள்.

"போறேன்பா. ஒத்தக் கால்ல நின்னுக்கிறேன். கொக்கு நிக்கலையா" என்றாள். சிரிக்கத்தான் சொன்னாள். மறுநாள் அவள் ஃபைலைப் பற்றிக் கேட்கப் போனேன்.

சொந்தக்காரர் ஃபைலை நாங்கள் தொடக்கூடாது. ஆகவே அதை ஏற்றியவர் என் அடுத்த மேசைக்காரி. பல வருடமாக மதியச் சோற்றைப் பகிர்ந்து சாப்பிடுகிறோம். அவரிடம் கேட்டதும் முகம் வாடிவிட்டது. டாக்டர் எழுதாததை நான் எப்படி அண்ணே போடறது என்றார். சரிதான். அந்த விதியைப் பிடிவாதமாகக் காத்தவனே நான்.

சந்தேகம் இருந்தால் ஃபைலில் மஞ்சள் சீட்டு ஒட்டி மருத்துவருக்கு அனுப்பலாம். அதிலும் ஒரு விதி உண்டு: கேட்கலாம், பதிலைக் காட்டிக்கொடுக்கக்கூடாது. 'முறிந்த இடத்தைக் குறிப்பிடவும்' என்று மட்டும் எழுதலாம்.

பேனாவைத் திறந்த மேசைக்காரி என்னைப் பார்த்தார். "கிண்ணமானு ஒரு வார்த்தை சேர்த்துடவா? யாருக்குத் தெரியப்போகுது?"

"வேணாம்மா. அந்த மாதிரிச் சீட்டை நான் எத்தனை பேருக்குத் திருப்பி அனுப்பியிருக்கேன்."

முதல் சீட்டு மறுநாள் திரும்பியது. இளம் மருத்துவர் 'இடுப்பெலும்பு' என்றே மறுபடியும் எழுதியிருந்தார். இரண்டாவதில் எழுத்தே இல்லை, முத்திரை மட்டும் இருந்தது.

எங்கள் பிரிவுத் தலைவர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். மாதக் கடைசி, ஃபைலை மூடு என்றார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "உங்கிட்டதான் பாஸ்வேர்டு இருக்கே. 8-ஐ 4 ஆக்கிடு. பத்து செகண்டு வேலை. உன் பிள்ளைதானே, எல்லாம் ஒரே எலும்புதான் லா."

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. விரல் எனக்கும் துறுதுறுத்தது. S32.4, கிண்ணம். அதுதான் உண்மை. ஆனால் மருத்துவர் எழுதாத உண்மையை நான் திருட்டுத்தனமாக ஏற்றினால், நாளை யாராவது ஃபைலைத் திறந்து பார்த்து, அப்பா வேலை செய்யும் இடம், அதனால்தான் மாறியது என்பார்கள். என் மகளின் வலி பொய்யாகிவிடும். மூடவும் மாட்டேன், மாற்றவும் மாட்டேன் என்றேன். அவர் முன்னால் நான் அப்படிப் பேசியதே இல்லை.

அன்று மாலை ஆவணத் திருத்த விண்ணப்பத்தில் காரணமாகத் தொழிற்சாலை சொன்னதை எழுதி, மகள் படுத்தபடியே கையெழுத்துப் போட்டாள். மறுநாள் விடுப்பு எடுத்து, எங்கள் கவுண்டருக்கு வெளியே எண் வாங்கி எல்லாரோடும் உட்கார்ந்தேன். எண் முப்பத்தொன்று. உள்ளே இருந்தவர்கள் கண்ணாடி வழியாக என்னைப் பார்த்துச் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் விழித்தார்கள். அண்ணே, பின்கதவு திறந்துதானே இருக்கு என்று ஒருவன் கேலி செய்தான். இன்னிக்கு நான் ஸ்டாஃப் இல்லை, அப்பன் என்றேன். விண்ணப்பத்தோடு மூன்றாவது மஞ்சள் சீட்டும் மேலே போனது. இந்த முறை இளம் மருத்துவருக்கு அல்ல, நிபுணருக்கு.

ஒரு நாள் போயிற்று. இரண்டாம் நாளும் போயிற்று. திங்கட்கிழமை அவள் வேலைக்கு வரவேண்டும் என்று மீண்டும் செய்தி வந்தது. அவளுடைய வேலைச் சப்பாத்தை எடுத்து அலமாரியின் மேல்தட்டில் வைத்தேன்.

வெள்ளிக்கிழமை, மதியச் சாப்பாட்டுக்கு முன்னால், எங்கள் அறைக் கதவு திறந்தது. மருத்துவர்கள் இங்கே வருவதில்லை. ஃபைல்தான் அவர்களிடம் போகும். வந்தவர் அந்த நிபுணர். தலையில் அறுவை அறைத் தொப்பி, கையில் மஞ்சள் சீட்டு. ஒரே கேள்வியை மூன்று முறை கேட்டது யார் என்றார். என் மேசைக்காரி எழுந்தார். நானும் எழுந்தேன்.

கணினியில் ஸ்கேனைத் திறக்கச் சொல்லி ஒரு நிமிடம் பார்த்தார். எங்கே எழுதவேண்டும் என்று கேட்டார். இடத்தை மட்டும் என் மேசைக்காரி காட்டினார். வலது இடுப்புக் கிண்ணத்தில் முறிவு, பன்னிரண்டு வாரம் கால் ஊன்றக்கூடாது என்று நின்றபடியே எழுதிக் கையெழுத்திட்டார். பிறகுதான் என்னை அடையாளம் தெரிந்தது போலிருக்கிறது. மலாயில் சொன்னார்:

"அவளை உட்காரச் சொல்லுங்கள். தொழிற்சாலையில் யாராவது கேட்டால், என்னோடு பேசச் சொல்லுங்கள்."