வாய் தவறாத ஒரு 'டா'

சாயங்காலம் நான்கு மணிக்கெல்லாம் இஸ்திரிக்காரிக்குத் தோள் கழன்று விழுகிற மாதிரி இருக்கும். அந்த நேரம் பார்த்துத்தான் அக்கா புருஷன் ஒற்றைச் சட்டையைத் தூக்கிக்கொண்டு வருவான். அக்காவுக்கு ஆஸ்பத்திரியில் பகல் வேலை. அது அவனுக்குத் தோதாகப் போயிற்று. முதலில் கண்ணால் அளந்தான். அப்புறம் சட்டையைக் கொடுக்கிற சாக்கில் கையைப் பிடித்தான். சொன்னால் அக்கா யார் பக்கம் நிற்பாள்? இவளுக்கென்று இருந்தது அந்த அக்கா ஒருத்திதான். அதனால் வாயைத் திறக்காமல், துணிக்குத் தண்ணீர் தெளிக்கும் பாட்டில் மாதிரியே இன்னொன்று வாங்கி, சோப்புத்தூளைக் கெட்டியாகக் கரைத்து மேசையோரம் வைத்துக்கொண்டாள்.

அன்றைக்கு உள்ளே வந்தவன் கதவைத் தாழ் போட்டான். பாட்டிலை எடுத்து அவன் முகத்தில் பீய்ச்சினாள். பாழாய்ப்போன பழக்கம், கை தண்ணீர் பாட்டிலைத்தான் எடுத்திருந்தது.

"என்ன, எனக்கே இஸ்திரி போடப் போறியா?" என்று இளித்துக்கொண்டு கிட்டே வந்தான்.

பயத்தைவிட அவளுக்கு அலுப்புத்தான் அதிகமாக வந்தது. நாளெல்லாம் நின்ற காலோடு இதற்கும் மல்லுக்கட்ட வேண்டுமா? ஈரமாகக் கிடந்த படுக்கை விரிப்பை உதறி அவன் தலைமேல் போட்டாள். அவன் உள்ளே திண்டாடும்போது நாலைந்து மர ஹேங்கர்களைச் சேர்த்துப் பிடித்து, தோள் ஒத்துழைத்த மட்டும் சாத்தினாள்.

"வெளிய போடா," என்றாள். பத்து வருஷமாக 'வாங்க அத்தான், உக்காருங்க அத்தான்' என்ற அதே வாய்தான்.

மறுநாள் வேலைக்குப் போகிற வழியில் அக்கா வந்தாள். துணி மூட்டைமேல் அப்படியே உட்கார்ந்தாள்.

"அடிச்சதுகூடப் பெரிசில்லையாம். டா போட்டுட்டாளாம். அவங்க வீடே அதத்தான் பேசுது."

"கதவத் தாழ் போட்டாரு, அக்கா."

"போட்டிருப்பாரு. எனக்குத் தெரியாதா?"

தங்கைக்கு அழுகை முட்டியது. அழக்கூடத் தெம்பில்லாமல் சுவரில் சாய்ந்தாள்.

அக்கா வாசலை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"எத்தனையோ நாள் எனக்கும் அந்த 'டா' நெஞ்சு வரைக்கும் வந்திருக்கு. வாயிலதான் வரமாட்டேங்குது. எப்படிடி சொன்ன? எனக்கு ஒரு தடவ சொல்லிக்காட்டு."