பனியில் விழுந்த நீல நிழல்

2004ஆம் ஆண்டு தை மாதம், மொன்ட்ரியாலில் நோத்ர-டாம்-த-கிரேஸ் பக்கத்து உயர்நிலைப் பள்ளி ஒன்றில் நடந்தது இது. திருகோணமலையில் ஒன்பது வருடம் சித்திரம் படிப்பித்தவள் நான். இங்கே வந்து இரண்டு வருடம் புவாண்ட்-கிளேரில் ஒரு கிடங்கில் பெட்டி கட்டினேன். பிறகு படாத பாடு பட்டு, பிரசவ விடுப்பில் போன ஓர் ஆசிரியையின் இடத்தில் மூன்று மாத வேலை கிடைத்தது. உப அதிபர் ஒருநாள் வகுப்பில் வந்து இருந்து பார்ப்பார். அவருக்குப் பிடித்தால் வருட முடிவு வரை வேலை, இல்லாவிட்டால் திரும்பவும் பெட்டிதான்.

அவர் வருவதற்கு முதல் நாள், நிறமும் நிழலும் பற்றிப் பாடம். ஜன்னலுக்கு வெளியே தெரிந்த பள்ளி முற்றத்தை வரையச் சொன்னேன். எந்த நிறத்துக்கு நிழல் வேண்டுமென்றாலும் கொஞ்சம் கறுப்பைக் கலக்க வேண்டும் என்று, ஊரில் சொன்னதையே இங்கும் சொன்னேன். முன்வரிசையில் ஒரு பிள்ளை, பதினைந்து வயதிருக்கும், அதிகம் கதைக்க மாட்டாள். பனிமேல் விழுந்த வேலி நிழலை நல்ல நீலமாகத் தீட்டியிருந்தாள். எனக்குச் சுள்ளென்று கோபம் வந்தது. என் கோபம் எப்போதுமே எனக்கு முன்னால் நடக்கும். தூரிகையை அவள் கையிலிருந்து பறித்து, அவளுடைய நீலத்தின் மேலேயே சாம்பலைப் பூசினேன். பாதி நிழலை மூடியபோது மணி அடித்துவிட்டது.

மத்தியானம் அவள் கதவடியில் வந்து நின்றாள். இரண்டு நிமிடம் வெளியே வர முடியுமா என்று மரியாதையாகத்தான் கேட்டாள். மனமில்லாமல் கோட்டை மாட்டிக்கொண்டு போனேன். உண்மையைச் சொன்னால், இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து நான் பனியை ஒழுங்காகப் பார்த்ததே இல்லை. வழுக்கி விழாமல் மெட்ரோவுக்குப் போய்ச் சேர்ந்தால் போதும் என்று, அதைத் திட்டிக்கொண்டே குனிந்து நடந்தவள். அவள் வேலியைக் காட்டினாள். நல்ல வெயில். பனிமேல் கம்பிக்குக் கம்பி நீல நிழல். மேகமே இல்லாத வானத்தின் நீலம் அப்படியே நிழலுக்குள் இறங்கியிருந்தது. நான் படிப்பித்ததுதான் பிழை.

அன்று பின்னேரம் கணவரிடம் சொல்லிப் புலம்பினேன்.

"பிழையெண்டால் பிழையெண்டு நாளைக்குச் சொல்லும். உயிரே போகப்போகுது?" என்றார்.

"உயிர் போகாது, வேலை போகும்."

ஆனாலும் பிள்ளைகளிடம் சொல்லிவிடுவது என்று முடிவெடுத்துக்கொண்டுதான் மறுநாள் போனேன். உப அதிபர் குறிப்புப் புத்தகத்தோடு பின்னால் வந்து உட்கார்ந்ததும் அந்த முடிவை விழுங்கிவிட்டேன். எல்லோரையும் ஜன்னலோரம் கூப்பிட்டு, நிழலை நன்றாகப் பார்த்துவிட்டு வரையுங்கள் என்று மட்டும் சொன்னேன். உப அதிபர் மேசை மேசையாக நடந்து வந்தார். அந்தப் பிள்ளையின் படத்தடியில் நின்றார். பாதி நீலம், பாதி சாம்பல். ஏன் இப்படி என்று கேட்டார்.

போச்சு என்று நினைத்தேன். அவள் ஆங்கிலத்தில் சொன்னதை எங்கள் பேச்சில் சொன்னால் இப்படித்தான் வரும்: "இந்தப் பாதி மிஸ் போட்டது. கறுப்பைக் கலந்தால் நிழல் எப்பிடிச் செத்துப்போகுது எண்டு நாங்கள் பார்க்கிறதுக்கு."

உப அதிபர் தலையாட்டிவிட்டு ஏதோ எழுதிக்கொண்டு போனார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. மணி அடித்ததும் அவளிடம் போய், நான் செய்தது பிழை, மன்னித்துக்கொள் என்றேன். அவள் தோளைக் குலுக்கினாள்.

"நீங்கள் வெளியில வந்து பார்த்தீங்கள்தானே, மிஸ்," என்றாள்.

அந்தப் பொய்யின் மேல் உட்கார்ந்து சம்பளம் வாங்க எனக்கு மனம் வரவில்லை. பின்னேரமே உப அதிபரின் அறைக்குப் போய் நடந்ததைச் சொன்னேன். கேட்டுவிட்டுச் சிரித்தார். இதை அடுத்த வகுப்பில் பிள்ளைகளுக்கும் சொல்லுங்கள் என்று, வருட முடிவு வரைக்குமான வேலைக் கடிதத்தை என் பக்கம் தள்ளினார். சொன்னேன். வகுப்பே கைதட்டியது, அவள் மட்டும் குனிந்து வரைந்துகொண்டிருந்தாள்.

அதற்குப் பிறகு எத்தனையோ பனி மாரி போய்விட்டது, நான் இன்னும் சித்திரம்தான் படிப்பிக்கிறேன். ஒரு பிள்ளையின் படத்தில் பிழை இருப்பதாக எனக்குத் தோன்றும்போதெல்லாம், கை தூரிகைக்குப் போவதற்கு முன் கண் ஜன்னலுக்குப் போகிறது. அதை எனக்குப் பழக்கிவிட்ட அந்தப் பிள்ளை எங்கிருந்தாலும் நன்றாக இருக்க வேண்டும்.