மாதாவுக்கு ஒரு சேலை

இந்த ஜெர்மன் ஊரில் மாதாவை யாரும் தொடுவதில்லை. மெழுகுவர்த்தி ஏற்றுகிறார்கள், தள்ளி நின்று பார்க்கிறார்கள், போய்விடுகிறார்கள். பாதத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறவள் நான் ஒருத்திதான், அதுவும் நெற்றியில் திருநீற்றோடு. முக்கூடல் பக்கம் எங்கள் ஊரில் இதையெல்லாம் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். நாங்கள் சைவக் குடும்பம். ஆனாலும் வாழை வெட்டினால் முதல் தார் தாமிரபரணிக் கரையில் இருக்கும் மாதா கோயிலுக்குத்தான் போகும். திருவிழாவில் மாதாவின் சப்பரம் எங்கள் தெருவில் நின்றால் அம்மா தேங்காய் உடைப்பாள். பிள்ளை வரம் கேட்டவர்கள், பிறந்ததும் மாதாவுக்குச் சேலை சாத்துவார்கள்.

மூன்று முறை கரு தங்காமல் போன பிறகு நானும் அப்படி நேர்ந்துகொண்டேன். மகள் பிறந்தாள். ஒரு வயதுக்குள் சாத்த வேண்டும். எனக்கோ விசா புதுப்பித்து வரும்வரை நகர முடியாது. ஊரிலிருக்கும் தம்பியைச் சாத்தச் சொன்னேன்.

“நம்ம கோயில்ல சாமி இல்லாமயா போச்சு? இப்பம்லாம் ஆளுக ஒரு மாதிரி பேசுதாவ. என்னால முடியாதுக்கா.”

“பேசுதவனுவளா எனக்குப் பிள்ளையத் தந்தானுவ? போலே அங்கிட்டு!”

போனை வைத்தும் கோபம் அடங்கவில்லை. நேற்று முளைத்தவர்கள் சொல்லி என் மாதாவை நான் விடுவதா?

பெட்டியிலிருந்த புது நீலப் பட்டுச்சேலையை எடுத்துப் போய், இங்குள்ள மாதாவின் தோளில் சாத்திக் கும்பிட்டு வந்தேன். மறுநாள் சேலையைக் காணோம். கோயிலைப் பார்த்துக்கொள்ளும் பெரியவர், இல்லாதவர்களுக்குத் துணி சேர்க்கும் பெட்டியைக் காட்டினார். பழைய ஸ்வெட்டர்களோடு என் பட்டு கிடந்தது. எடுத்து உதறினேன்.

“இது அவளுக்கு,” என்றேன், தெரிந்த ஜெர்மனில்.

“நீங்கள் கத்தோலிக்கரா?”

“இல்லை.”

நேர்ச்சையை விளக்க வார்த்தை கிடைக்கவில்லை. மாதாவைக் காட்டினேன், இடுப்பிலிருந்த மகளைக் காட்டினேன். அவர் முகம் மலர்ந்தது.

“ஞானஸ்நானமா? அலுவலகம் செவ்வாய்க்கிழமை திறக்கும்.”

நான் மகளை அவர் கையில் கொடுத்துவிட்டு நாற்காலியில் ஏறினேன். கொசுவம் வைத்து, ஊக்கு குத்தி, முந்தானையைக் குழந்தை இயேசுவுக்கும் சேர்த்துச் சுற்றினேன். இனி எடுத்துப் பார்க்கட்டும் என்று இறங்கினேன். அவர் மகளை என்னிடம் தந்துவிட்டு, ஞாயிறுவரை இருக்கட்டும் என்றார்.

படமெடுத்துத் தம்பிக்கு அனுப்பினேன். நேர்ச்சை முடிந்தது, உன் தயவு வேண்டாம் என்றும் எழுதினேன். உடனே கூப்பிட்டான்.

“அது எப்படிக்கா முடியும்? அது அங்கன உள்ள மாதா. நம்ம மாதாவுக்கு நீ இங்கன வந்துல்லா சாத்தணும்!”

ஒருத்திக்கு இங்கே சாத்தியாயிற்று, இன்னொருத்தி ஆற்றங்கரையில் காத்திருக்கிறாள். வருவேன், யார் என்ன பேசினாலும் வருவேன் என்றேன். நம்ம மாதாவா என்று மட்டும் அவனைக் கேட்கவில்லை. கேட்டால் சுதாரித்துக்கொள்வான்.