கடைசி ஆளின் பெயர்

இன்று காலை அடையாறில் எங்கள் வீட்டு வாசலைத் தாண்டி ஓட்டப்பந்தயம் போயிற்று. தெருவெல்லாம் ஓடியவர்கள் பிழிந்துபோட்ட எலுமிச்சை மூடிகள். அந்த வாசனையில் எனக்கு மறுபடி எட்டு வயதாகிவிட்டது.

அப்பா ஒரு பத்திரிகையில் நெடுந்தூர ஓட்டத்தைப் பற்றி மட்டுமே எழுதிவந்தார். மந்தைவெளி வீட்டிலிருந்து, பந்தயம் முடியும் சாந்தோமுக்கு என்னையும் அழைத்துப்போவார். ஜெயித்தவருக்கு மாலை போட்டுக் கூட்டம் கலைந்த பிறகும், மிதிபட்ட எலுமிச்சை மூடிகளுக்கு நடுவே நாங்கள் மட்டும் நிற்போம். கடைசி ஆள் வந்துசேராமல் பந்தயம் முடியாது என்பது அவர் கட்சி.

ஒருநாள் இருட்டும் நேரத்தில் ஒருவர் நொண்டிக்கொண்டே வந்தார். அப்பா பெயர் கேட்டார்.

"எல்லாரும் பூட்டாங்க. என் பேரு இன்னாத்துக்கு நைனா?"

"நீங்களுந்தானே ஓடினீங்க? சொல்லுங்க."

எழுதிக்கொண்டு ஆபீசுக்குப் போனோம். பக்கம் அச்சுக்குப் போயிருந்தது. அதை நிறுத்தி அந்தப் பெயரையும் சேர்க்கச் சொன்னார் அப்பா.

"யுத்தத்துல காகிதமே கெடைக்கல. தோத்தவன் பேருக்கு எடம் ஏதுய்யா? நாளையிலேருந்து வராதே," என்றார் ஆசிரியர்.

அப்புறம் அப்பா கல்யாணப் பத்திரிகைகளுக்குப் பிழை திருத்தியே கிழவரானார். பந்தயங்களுக்குப் போவதை மட்டும் விடவில்லை. நோட்டு நோட்டாக எழுதியதை எந்தப் பத்திரிகையும் போடவில்லை. அவர் காலமான பிறகு அந்த நோட்டுகளை அம்மா ஒவ்வொன்றாக வெந்நீர் அடுப்பில் வைத்தாள்.

இப்போது வாசலில் தடுப்புக் கம்பிகளை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். நடுவே நரைத்த தலையோடு ஒரு பெண்மணி தனியாக ஓடிவந்தார். பெயர் கேட்க வாயெடுத்தேன். கேட்டு எதில் எழுதுவது? கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே வந்துவிட்டேன்.